வரியாளுக்காக ஓர் ஏடு

அக்கா மகள் கேட்ட ஒரு கேள்வியில்தான் இந்த வேலை தொடங்கியது. ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் எங்கள் வீட்டு மொட்டை மாடியில் நான்கைந்து பிள்ளைகள் கூடுவார்கள். திருவொற்றியூரில் கடலுக்கு மூன்று தெரு தள்ளி எங்கள் வீடு. ஐந்து மணிக்கு மேல் காற்று வந்துவிடும். நான் கதையை நடத்துவேன். பிள்ளைகள் ஆளுக்கொரு பாத்திரமாக இருப்பார்கள். அடுத்து என்ன நடக்கும் என்பதைத் தாயக்கட்டை முடிவு செய்யும். கதை நடக்கும் ஊர் உப்பங்கரை. அப்படி ஓர் ஊர் எந்த வரைபடத்திலும் கிடையாது. அங்கே அலைகள் வருடத்தில் ஒருநாள் பின்வாங்கிப் பேசும், இறந்தவர்களுக்கும் சொத்துரிமை உண்டு, எழுதப்பட்டது எதுவோ அது நடந்தே தீரும். அந்த ஊரின் அரண்மனை ஓலை எழுதுபவள் வரியாள். எழுத்து வேலைக்கு வந்த நாளிலேயே பிறந்தபோது வைத்த பெயரை விட்டுவிட வேண்டும் என்பது அங்கே சட்டம். அதனால் எல்லோருக்கும் அவள் வரியாள்தான்.

மே மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை, கப்பல் ஒன்று கிளம்புவதற்குள் வரியாளை யாரோ அவசரமாக முப்பது ஓலை எழுதித் தரச் சொல்லும் கட்டம். அக்கா மகள் பத்தாம் வகுப்பு. கணக்கு சரியாக இல்லாவிட்டால் கதையை நகர விடமாட்டாள். “சித்தி, வரியாள் ஒரு நாளைக்கு எத்தனை ஓலை எழுதுவா? முப்பது முடியுமா?” என்றாள்.

எனக்குப் பதில் தெரியவில்லை. பத்தொன்பது வருடமாக ஆவண எழுத்தர் ஒருவரிடம் பத்திரம் தட்டச்சு செய்கிறேன். ஒரு கிரயப் பத்திரத்துக்கு எத்தனை நேரம் ஆகும், எந்தப் பக்கத்தில் கை வலிக்கும், எந்த இடத்தில் கண் ஏமாற்றும் என்று கேட்டால் தூக்கத்திலும் சொல்வேன். நானே உருவாக்கிய எழுத்துக்காரியின் ஒரு நாள் வேலை எனக்குத் தெரியவில்லை என்பது அன்று இரவு முழுக்க உறுத்தியது. சரி, ஓர் ஏடு செய்து, ஓர் எழுத்தாணி செய்து, உட்கார்ந்து எழுதிப் பார்த்துவிடலாம் என்று முடிவு செய்தேன்.

ஓலை கிடைப்பது கஷ்டமாக இல்லை. நுங்கு காலம் அது. நெடுஞ்சாலை ஓரத்தில் பொன்னேரிப் பக்கத்திலிருந்து நுங்கு கொண்டுவந்து போடுபவரிடம் கேட்டேன். “இன்னாத்துக்குமா ஓலை? விசிறியா?” என்றார். எழுதுவதற்கு என்றதும் கொஞ்ச நேரம் யோசித்தார். “குருத்து வாணாம், அது வத்திப் போச்சுன்னா சுருங்கிடும். முத்துனதும் வாணாம், ஒடியும். நடுவாந்தரமா ரெண்டு மட்டை வெட்டியாறேன்.” மூன்றாம் நாள் இரண்டு மட்டை வந்தன. காசு கொடுத்தபோது ஒரு மட்டைக்கு மட்டும் வாங்கிக்கொண்டார்.

பனையோலை விசிறிபோல மடிப்பு மடிப்பாக விரியும்; ஒவ்வொரு மடிப்புக்கும் இலக்கு என்று பெயர். ஒவ்வொரு இலக்கின் நடுவிலும் ஈர்க்கு ஓடும். ஈர்க்கை உரித்து எடுத்தால் இரண்டு நறுக்குகள் கிடைக்கும். அடிப்பக்கம் அகலம், நுனி குறுகல், அதனால் நடுப்பகுதிதான் உதவும். நான் வெட்டிக்கொண்ட அளவு நீளம் 38 செ.மீ., அகலம் மூன்றரை செ.மீ. இரண்டு மட்டையில் நாற்பதுக்கு மேல் நறுக்குகள் தேறின. பழைய சுவடிகளில் தாளிப்பனை ஓலையும் உண்டு. அது இன்னும் அகலம், இன்னும் மெல்லியது, துணிபோல வளையும். வடசென்னையில் கைக்கு எட்டுவது சாதாரணப் பனைதான். வரியாளின் ஊரும் உப்புக் கரை என்பதால் அவளுக்கும் இதுவே போதும்.

முதல் தொகுதியைக் கெடுத்தேன். மொட்டை மாடி வெயில் சும்மாதானே கிடக்கிறது என்று பாய் விரித்து அதில் போட்டுவிட்டேன். மே மாத வெயிலில் இரண்டே நாளில் இருபது நறுக்கும் குழல்போலச் சுருண்டன. விரித்தால் நீளவாக்கில் பிளந்தன. ஓலையை நிழலில்தான் உலர்த்த வேண்டும். மெதுவாக ஈரம் போனால்தான் தட்டையாக நிற்கும்.

இரண்டாம் தொகுதியைக் கூடத்துக் கொடியில் துணிக் கிளிப் போட்டு ஐந்து நாள் தொங்கவிட்டேன். பிறகு பெரிய அலுமினியக் குண்டானில் தண்ணீர், இரண்டு கைப்பிடி மஞ்சள்தூள், கொஞ்சம் இடித்த வசம்பு போட்டு ஒரு மணி நேரம் கொதிக்கவிட்டேன். மஞ்சளும் வசம்பும் பூச்சிக்கு ஆகாதவை. கொதிப்பது ஓலையின் விறைப்பை எடுக்கும். வசம்பு ராசப்ப செட்டித் தெரு நாட்டு மருந்துக் கடையில் வாங்கியது. வெந்த ஓலையை மறுபடி நிழலில் காயவைத்து, ஈரம் முக்கால்வாசி போனதும் இரண்டு பலகைக்கு நடுவில் வைத்து மேலே அம்மிக்கல்லை ஏற்றிவிட்டேன். ஒரு வாரம் கழித்து எடுத்தபோது தட்டையாக, வெளிர் மஞ்சளாக, விரலால் சுண்டினால் ‘டப்’ என்று சத்தம் வரும்படி இருந்தன. அப்புறம் கடற்கரையில் பொறுக்கிய சங்கின் வயிற்றுப் பக்கத்தால் ஒவ்வொன்றையும் தேய்த்தேன். இந்த வேலையை அவசரப்படுத்த முடியாது. ஒரு பக்கத்துக்குப் பத்து நிமிடம். தேய்க்கத் தேய்க்க ஓலைக்கு ஒரு வழுவழுப்பு வருகிறது. தேய்க்காத இடத்தில் எழுத்தாணி நாரில் மாட்டி இழுக்கும், தேய்த்த இடத்தில் வழுக்கிக்கொண்டு போகும். எழுதும்போதுதான் அந்த வித்தியாசம் கைக்குத் தெரிந்தது.

ஜூலையில் இரண்டு நாள் மழை பெய்தது. ஏழு ஏட்டில் சாம்பல் புள்ளியாகப் பூஞ்சை பிடித்தது. கடல்காற்றும் மழையும் சேர்ந்தால் இந்த ஊரில் இரும்பே தாங்காது, ஓலை எப்படித் தாங்கும்? துணியால் துடைத்து, எலுமிச்சைப்புல் எண்ணெய் தடவினேன். சுவடி நூலகங்களில் இன்றும் பழைய ஏடுகளுக்குத் தடவுவது இதைத்தான். பூச்சியைத் தள்ளி வைக்கும், வறண்ட ஓலைக்கு வளைவும் தரும். அப்படியும் நம் தட்பவெப்பத்தில் ஓலை சில நூறு வருடம் நின்றாலே பெரிது. அதனால்தான் தலைமுறைக்குத் தலைமுறை யாராவது உட்கார்ந்து பழையதைப் பார்த்துப் புதியதில் எழுதிக்கொண்டே இருக்க வேண்டியிருந்தது. வரியாளை நான் அதுவரை அரச ஆணை எழுதுபவளாக மட்டுமே வைத்திருந்தேன். பூஞ்சையைத் துடைத்த அன்றுதான், அவள் வேலை நாளில் பாதிக்கு மேல் செல்லரித்த ஏட்டைப் படியெடுப்பதில்தான் போகும் என்று கதையை மாற்றினேன்.

எழுத்தாணியைக் காலடிப்பேட்டையில் லேத் பட்டறை வைத்திருக்கும் தம்பி செய்து கொடுத்தார். பழைய டிரில் பிட் ஒன்றின் தண்டை எடுத்து, ஒரு பக்கம் கூராக்கி, மறுமுனையில் கனத்துக்குப் பித்தளைக் குமிழ் ஒன்றை ஏற்றினார். “யக்கா, பென்சில் மாதிரி சீவட்டுமா?” என்று கேட்டார், நானும் சரி என்றேன். தப்பு. பென்சில் கூர் ஓலையைக் கீறவில்லை, அறுத்தது. ‘ட’ போட்டால் அடிக்கோடு நார் போகும் திசையிலேயே போவதால், எழுத்து முடிந்த பிறகும் விரிசல் இரண்டு எழுத்து தூரம் ஓடியது. திரும்பப் போய், முனையை உருட்டித் தரச் சொன்னேன். வீட்டில் 1000 நம்பர், 2000 நம்பர் உப்புத்தாளில் எண்ணெய் விட்டு அரை மணி நேரம் தேய்த்தேன். நகத்தின் மேல் வைத்து இழுத்தால் கீறாமல் வழுக்க வேண்டும், ஆனால் அழுத்தினால் பதிய வேண்டும். அந்த நிலை வந்த பிறகு ஓலை பிளக்கவில்லை.

ஓலையில் எழுதியதால்தான் நம் எழுத்து வட்டமாயிற்று என்று பலரும் சொல்வார்கள். பாதிதான் எனக்குச் சரியாகப் படுகிறது. படுக்கைக் கோடு ஓலைக்கு ஆபத்து என்பது உண்மை. ஆனால் க, ட, ப மூன்றும் நேர்க்கோட்டோடு இத்தனை நூற்றாண்டு ஓலையில் இருந்திருக்கின்றன. கை அழுத்தத்தைக் குறைத்துக்கொள்ளக் கற்றுக்கொள்கிறது. நான் மூன்றாவது ஏட்டில் கற்றுக்கொண்டேன்.

எழுத உட்கார்ந்த முதல் நாள் மேசையில் ஓலையை வைத்துப் பேனா பிடிப்பதுபோல எழுத்தாணியைப் பிடித்தேன். கால் மணி நேரத்தில் மணிக்கட்டு விட்டுப்போயிற்று. ஓலை எழுதும் முறையே வேறு. ஏட்டை இடது கையில் பிடிக்க வேண்டும். எழுத்தாணி வலது கையின் பிடிக்குள். அதன் முனை இடது கட்டைவிரல் நகத்தில் சாய்ந்து நிற்க வேண்டும். பழைய எழுத்துக்காரர்கள் அந்த நகத்தை வளர்த்து, அதில் ஒரு சின்ன வெட்டு வைத்துக்கொள்வார்கள். எழுத்தாணி அந்தப் பள்ளத்தில் உட்கார்ந்துகொள்ளும். வலது கை நகராது. இடது கைதான் ஓலையைக் கொஞ்சம் கொஞ்சமாக இடப்பக்கம் தள்ளிக்கொண்டே போகும். அதாவது எழுத்து நிற்கிறது, ஓலை நடக்கிறது.

நானும் நகத்தை மூன்று வாரம் வளர்த்தேன். நகவெட்டியின் அரத்தால் நடுவில் அரிசி நொய் அகலத்துக்குப் பள்ளம் எடுத்தேன். அன்று எழுதிய வரிதான் முதல்முறையாக வரி மாதிரி வந்தது. இடது கை தள்ளும் வேகம் சீராக இருந்தால் எழுத்துகள் சம இடைவெளியில் விழுகின்றன. மனம் வேறெங்காவது போனால் அந்த இடத்தில் இடைவெளி கூடிவிடுகிறது. ஐந்தாவது ஏட்டைத் தூக்கிப் பார்த்தால், தெருவில் தண்ணீர் லாரி வந்த இடம் எது என்று என்னால் காட்ட முடியும்.

இன்னொன்று. எழுதும்போது எழுத்து தெரியாது. மை இல்லாத கீறல் வெளிர் மஞ்சளின் மேல் வெளிர் மஞ்சள்தான். எனக்கு வயது நாற்பத்தேழு, கண்ணில் வெள்ளெழுத்து. கண்ணாடி போட்டும் தலைக்கு மேலிருந்து வரும் டியூப்லைட்டில் எதுவும் தெரியவில்லை. விளக்கு பக்கவாட்டில், ஓலை மட்டத்துக்குத் தாழ்வாக இருந்தால் ஒவ்வொரு கீறலுக்குள்ளும் நூல்போல ஒரு நிழல் விழும். அந்த நிழலைத்தான் படிக்க வேண்டும். வலது கை மறைக்காமல் இருக்க விளக்கு இடப்பக்கம் இருக்க வேண்டும்.

எங்கள் ஊர்க் கோயிலில் வட்டப்பாறை அம்மன் சன்னதி உண்டு. கம்பர் ராத்திரியில் ராமாயணம் எழுதியபோது அவருக்கு அம்மன் பந்தம் பிடித்தாள் என்று இங்கே எல்லோரும் சொல்வார்கள். சின்ன வயதிலிருந்து கேட்ட கதை. பந்தம் பிடிப்பது ஏதோ பக்கத்தில் நிற்கும் சின்ன உதவி என்றே நினைத்திருந்தேன். ஒரு ராத்திரி மின்சாரம் நின்றபோது, அக்கா மகள் எனக்கு இடப்பக்கம் உட்கார்ந்து அகல்விளக்கைப் பிடித்தாள். அவள் கை ஒரு விரல்கடை அசைந்தாலும் என் வரி தொலைந்தது. இருபது நிமிடத்தில் அவள் தோள் வலித்து, விளக்கை மாற்றிப் பிடித்தாள். விளக்குப் பிடிப்பது எழுதுவதில் பாதி. அடுத்த ஞாயிறு வரியாளுக்கு ஒரு விளக்குக்காரப் பையன் சேர்ந்தான். ஏட்டின் கடைசியில் அவன் பெயரையும் எழுத வேண்டும் என்று உப்பங்கரையில் சட்டம் வந்தது.

மைக்கு வருகிறேன். உப்பங்கரை மீனவர் ஊர் என்பதால் கணவாய் மையைத்தான் முதலில் முயன்றேன். காசிமேட்டில் விடிகாலை போனால் கணவாய் சுத்தம் செய்யும் அம்மாக்களின் கைகள் முழங்கை வரை கறுப்பாக இருக்கும். “மைப்பை மட்டும் வோணுமா? மீன் வாணாமா?” என்று ஒருவர் நம்பாமல் கேட்டார். அரை கிலோ கணவாயும் வாங்கிக்கொண்டேன், ஆறு மைப்பையைத் தனியாகப் பொதிந்து கொடுத்தார். வெள்ளி மினுக்கோடு, விரல் நுனி அளவுக்கு இருந்தன. தட்டில் பிழிந்து நிழலில் நான்கு நாள் காயவைத்து, கருவேலம்பிசின் தண்ணீர் விட்டுச் சின்னக் கல்வத்தில் அரைத்தேன். காகிதத்தில் அருமையான நிறம், கறுப்பும் பழுப்பும் கலந்து பழைய புகைப்படம் மாதிரி. ஓலையில் பேனாக்குச்சியால் தொட்டு எழுதினால் பளபளப்பின் மேல் உருண்டு நின்றது. கீறலில் தேய்த்தால் உள்ளே இறங்கியது, ஆனால் ஈரத்துணியால் துடைத்ததும் பாதி கையோடு வந்துவிட்டது. வாடையும் ஒரு வாரம் போகவில்லை.

வீட்டு மையே வென்றது. விளக்கெண்ணெயில் திரி போட்டு, மேலே மண்சட்டியைக் கவிழ்த்து வைத்தால் இரண்டு மணி நேரத்தில் சட்டி அடியில் கரி படியும். கண்மை செய்யும் வீடுகளில் செய்வது இதேதான். அந்தக் கரியோடு துளி நல்லெண்ணெய், கோவை இலைச் சாறு. கோவைக்கொடி ரயில்வே வேலியில் எப்போதும் படர்ந்திருக்கும். பள்ளிக்கூடத்தில் சிலேட்டை கருகருவென்று ஆக்க அதே இலையைத்தான் தேய்ப்போம். இலையை விரலில் வைத்து, கரியைத் தொட்டு, வரி மேல் வட்டமாகத் தேய்த்தேன். ஏடு முழுக்கக் கறுத்துவிடும், பார்ப்பதற்குப் பயமாக இருக்கும். பிறகு தவிடு தூவித் துணியால் ஒரே திசையில் துடைத்தால், பளபளப்பின் மேல் இருப்பது எல்லாம் போய்விடும், கீறலுக்குள் இருப்பது மட்டும் நிற்கும். மூன்று மணி நேரமாகக் கண்ணுக்குத் தெரியாமல் எழுதிய ஆறு வரி ஒரே துடைப்பில் எழுந்து நின்றதைப் பார்த்தபோது எனக்குத் தொண்டை அடைத்தது. பக்கத்தில் அக்கா மகளும் ஒன்றும் பேசவில்லை.

கணக்கு இதுதான். ஒரு பக்கத்துக்கு ஆறு வரி, வரிக்கு நாற்பதிலிருந்து நாற்பத்தைந்து எழுத்து. முதல் ஏட்டின் ஒரு பக்கம் எனக்கு மூன்று மணி நேரம் எடுத்தது. பதினோராவது ஏட்டில் ஐம்பத்தைந்து நிமிடம். கண் தாங்குவது பகல் வெளிச்சத்தில் நான்கு மணி நேரம், அதற்கு மேல் எழுதியது எல்லாம் மறுநாள் பார்த்தால் கோணல். ஆக என் கைக்கு ஒரு நாளைக்கு இரண்டு ஏடு, இரு பக்கமும். வரியாள் பத்து வயதிலிருந்து எழுதுபவள், என்னைவிட மூன்று மடங்கு வேகம் என்றாலும் ஆறுதான். முப்பது ஓலைக்கு ஐந்து நாள் வேண்டும். அக்கா மகள் நோட்டில் குறித்துக்கொண்டு, “அப்போ அந்தக் கப்பல் கிளம்பிடும் சித்தி” என்றாள். அந்த ஒரு கணக்கில் கதையே திரும்பிவிட்டது.

ஆனால் எனக்கு இந்த மூன்று மாதத்தில் பெரிதாகத் தெரிந்தது வேகம் இல்லை. ஓலையில் அழிக்க முடியாது. சேர்க்கத்தான் முடியும்.

பத்திர வேலையில் இருப்பவளுக்கு இது எங்கே தைக்கும் என்று சொல்கிறேன். பதிவுச் சட்டம் 1908, பிரிவு 20. வரிகளுக்கு இடையில் எழுதியது, வெற்றிடம், அழித்தது, திருத்தியது, இவை இருந்தால் எழுதிக் கொடுப்பவர் அந்தந்த இடத்தில் கையெழுத்துப் போட வேண்டும், இல்லாவிட்டால் பத்திரத்தைப் பதிவுக்கு ஏற்க மறுக்கலாம். மிச்சமிருக்கும் வெற்றிடத்தை நாங்கள் கோடு போட்டு அடைப்பது அதனால்தான். வேலைக்குச் சேர்ந்த நான்காம் வருடம், ஒரு பத்திரத்தில் “பொதுப்பாதை நீங்கலாக” என்பதில் ‘நீங்கலாக’ என்ற சொல்லை விட்டுவிட்டேன். யார் கண்ணிலும் படவில்லை. ஒன்றரை வருடம் கழித்துப் பிழைத்திருத்தல் பத்திரம் போட்டார்கள். அதற்குள் இரண்டு வீட்டுக்காரர்கள் பேசுவதை நிறுத்தியிருந்தார்கள். இன்றும் அந்தச் சொல்லைத் தட்டச்சு செய்யும்போது கை ஒரு நொடி நிற்கும்.

எங்கள் ஊர்ச் சாமிக்கு எழுத்தறியும் பெருமான் என்று ஒரு பெயர் உண்டு. அரசன் கோயில்களுக்கெல்லாம் ஓர் ஆணை ஓலை அனுப்பினானாம். எழுதியவர் எழுதி, சரிபார்க்கும் நாயகம் பார்த்து, முத்திரை வைத்த ஓலை. திறந்து பார்த்தால் வரிகளுக்கு நடுவில் “ஒற்றியூர் நீங்கலாக” என்று எழுதியிருந்தது. யார் கையும் இல்லை, சாமி எழுதியது என்பது தலபுராணம். அதே கோயில் சுவரில் சோழர் காலத்துக் கல்வெட்டுகள் நிறைய. சோழர் ஆவணங்களில் ‘திருமந்திர ஓலை’, ‘திருமந்திர ஓலை நாயகம்’ என்று பதவிப் பெயர்கள் வரும். முன்னவர் அரசன் வாய்ச்சொல்லை ஓலையில் எழுதுபவர், பின்னவர் அதைச் சரிபார்ப்பவர். முடிவில் ‘இவை இன்னார் எழுத்து’ என்று பெயர் போடுவார்கள். அந்த அடுக்கைத்தான் உப்பங்கரைக்கு எடுத்துக்கொண்டேன். அந்தத் தலபுராணக் கதையில் இப்போது நான் யோசிப்பது அந்த ஓலை எழுதியவரைப் பற்றித்தான். தன் கையெழுத்துப் போட்ட ஏட்டில் தான் எழுதாத இரண்டு சொல்லைப் பார்த்த அன்று அவர் வீட்டுக்கு எப்படிப் போயிருப்பார்?

ஒருவர் எழுதிய ஏட்டில் இன்னொருவர் எழுத்தைச் சேர்த்தால் கண்டுபிடிக்க முடியுமா என்று செய்து பார்க்கலாம் என்று அக்கா மகள் சொன்னாள். ஓலைச் சுவடியில் புள்ளி வைக்கமாட்டார்கள், குத்தினால் ஓலையில் ஓட்டை விழும். குறிலுக்கும் நெடிலுக்கும் எ, ஒ வரிசையில் வித்தியாசம் காட்டமாட்டார்கள். ஏ, ஓ என்று நாம் இன்று எழுதுவதெல்லாம் 18ஆம் நூற்றாண்டில் வீரமாமுனிவர் செய்த திருத்தத்துக்குப் பிறகு வந்த வழக்கம். சொல்லுக்குச் சொல் இடமும் விடமாட்டார்கள். அப்படியென்றால் ‘எரிகொடு’ என்று எழுதிய ஓலையை எப்படிப் படிப்பது? எரி கொடு, அதாவது தீ வை. ஏரி கொடு, அதாவது ஏரியைத் தந்துவிடு. வரியாள் எழுதிய ஆணை இரண்டாவது. உப்பு எடுத்துப் பிழைக்கும் ஒரு குடிக்கு ஏரி முழுவதையும் கொடுக்கச் சொல்லும் ஓலை.

இதில் ஒரே ஒரு ‘க’ சேர்த்தால் ‘எரிககொடு’. இப்போது அது ஏரிக்கோடு. ஏரியின் கரை மட்டும். ‘ஏரி கொடு’ இரண்டாம் வேற்றுமைத் தொகை, அங்கே வலி மிகாது. ‘ஏரிக்கோடு’ என்றால் மிகும். இலக்கண வகுப்பில் மதிப்பெண்ணுக்காகப் படித்த விதி, ஓர் ஏரியையே விழுங்கிவிடும். பத்தாம் வகுப்புப் பிள்ளைக்கு இதைச் சொன்னபோது அவள் முகத்தில் வந்த வெளிச்சத்தை நான் மறக்கமாட்டேன்.

ஒரே வாசகத்தை மூன்று ஏட்டில் எழுதினேன். அவள் என் கண்ணில் படாமல் ஒன்றில் மட்டும் ‘க’ சேர்த்து, மை தேய்த்து, மூன்றையும் துடைத்துக் கொடுக்க வேண்டும். நான் எழுத்தைப் படிக்காமல், கீறலை மட்டும் பார்த்து எது அவள் கை என்று சொல்ல வேண்டும். எங்கே சேர்ப்பாள்? என் எழுத்துகள் நெருக்கம், நடுவில் நுழைக்க இடமில்லை என்று நம்பியிருந்தேன். ஆனால் ஏட்டில் கயிறு கோக்கத் துளை உண்டு. பழுக்கக் காய்ச்சிய கம்பியால் முதலிலேயே துளை போட்டுவிட்டு, அதைச் சுற்றி விரல் அகலம் விட்டுத்தான் எழுதுவோம். கயிறு உராய்ந்தால் எழுத்து தேயும் என்பதற்காக விடும் இடம். மூன்றாவது ஏட்டில் ‘எரி’ துளைக்கு இந்தப் பக்கமும், ‘கொடு’ அந்தப் பக்கமும் விழுந்திருந்தன. அவள் நேராக அங்கே போயிருக்கிறாள்.

பூதக்கண்ணாடியில் பார்த்தேன். பழைய கீறலின் ஓரம் படிந்திருந்தது. புதிய கீறலின் ஓரத்தில் நார் சிலிர்த்து நின்றது. கண்ணைவிட விரல் சீக்கிரம் கண்டுபிடித்தது: கண்ணை மூடிக்கொண்டு ஆள்காட்டி விரலை ஓட்டினால் அந்த ஒரு எழுத்தில் மட்டும் சொரசொரப்பு. இரண்டாவது முயற்சியில் சரியாகச் சொன்னேன். அந்த ஏடுகளைக் கட்டி வைத்து, தினமும் அவிழ்த்துப் புரட்டி, வாரம் ஒருமுறை எண்ணெய் தடவி ஒரு மாதம் கழித்து மறுபடி பார்த்தேன். சொரசொரப்பு போய்விட்டது. மையும் ஒரே கறுப்பு. ஒரே ஒரு வித்தியாசம் மிஞ்சியது. அவள் இடது கைக்காரி, ஓலையை என்னைப்போலத் தள்ளாமல் இழுத்திருக்கிறாள். அவளுடைய ‘க’வின் நெட்டுக்கோடு ஒரு மயிரிழை வலப்பக்கம் சாய்ந்திருந்தது. அவள் கை எனக்குத் தெரியாமல் இருந்திருந்தால் அதையும் கண்டுபிடித்திருக்கமாட்டேன்.

மீதமிருந்த ஏடுகளை எடுத்து, ஒவ்வொரு துளையைச் சுற்றியும், வெற்றிடம் முழுக்க அடைபடும்படி வட்டத்துக்குள் வட்டமாக மூன்று சுழி கீறினேன். கயிறு பட்டுத் தேய்ந்தாலும் அங்கே இழக்க எழுத்து இல்லை, நுழைக்க இடமும் இல்லை. வரி முடிவில் மிஞ்சும் இடத்தில் ஒரு நெளிகோடு. அடுத்த ஞாயிறு வரியாளும் அதையே செய்தாள். அரண்மனையில் ஏன் இந்தச் சுழி என்று கேட்டார்கள். அவள் பதில் சொல்வாளா மாட்டாளா என்பதற்கு அக்கா மகள் தாயக்கட்டையை உருட்டினாள். தாயம் விழுந்தது.